நெஞ்சுக்குழாய் போட்ட நோயாளியைக் கவனிக்கும் முறை

நெஞ்சில் குழாய் போடப்பட்ட நோயாளியை ஷிஃப்ட் மாறும்போது பொறுப்பேற்கும் தாதி, கோப்பைத் திறப்பதற்கு முன்னால் கட்டிலோரம் குனிந்து, குழாயின் மறுமுனை போய்ச் சேரும் தண்ணீர்ப் போத்தலைப் பார்த்துவிடுவது நல்லது. கோப்பு சொல்வது நேற்றைய நிலவரம், போத்தல் காட்டுவது இந்த நிமிடத்து நிலவரம். சிங்கப்பூர் வார்டுகளில் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருக்கும் தமிழ்த் தாதியருக்காகவே இதை எழுதுகிறேன். தந்தைக்கோ தாய்க்கோ இப்படிக் குழாய் போட்டிருக்கும் குடும்பத்தாருக்கும் இது பயன்படும்.

நுரையீரலின் மேல் உறைக்கும் நெஞ்சுச் சுவரின் உள்ளுறைக்கும் நடுவே ஒரு மெல்லிய இடைவெளி உண்டு. அங்குள்ள அழுத்தம் வெளிக்காற்றின் அழுத்தத்தைவிடக் குறைவாக இருப்பதால்தான் நுரையீரல் விரிந்தபடி நிற்கிறது. காற்றோ இரத்தமோ சீழோ புற்றுநோயால் ஊறும் நீரோ அந்த இடைவெளியில் சேர்ந்துவிட்டால் நுரையீரல் சுருங்கி மூச்சுத் திணறும். சேர்ந்தது வெளியேற வேண்டும், வெளியேறிய காற்று திரும்பி உள்ளே போகவும் கூடாது. இதற்கு ஜெர்மன் மருத்துவர் பியூலாவ் 1891இல் விரிவாக எழுதிய வழியே இன்றும் அடிப்படையாக இருக்கிறது: குழாயின் மறுமுனையைத் தண்ணீருக்குள் ஏறத்தாழ 2 சென்டிமீட்டர் ஆழத்தில் அமிழ்த்தி வைத்தால், காற்று குமிழியாக வெளியே வரும், திரும்பிப் போக வழியிருக்காது. நடுவில் எவ்வளவு புதுப் பெட்டிகள் வந்தாலும் உள்ளே இருப்பது இந்தத் தண்ணீர்தான்.

குழாயைப் போடுவது மருத்துவரின் வேலை என்பதால் அதை இங்கே விரிக்கவில்லை. பெரும்பாலும் அக்குளுக்குக் கீழே, முலைக்காம்பின் மட்டத்திற்கு மேலே உள்ள பாதுகாப்பான முக்கோணப் பகுதியில்தான் போடுவார்கள் என்பதும், மெல்லிய குழாய் 12 முதல் 14 பிரெஞ்சு அளவிலும் தடித்தது 24க்கு மேலும் இருக்கும் என்பதும் தெரிந்தால் போதும். ஒரு பிரெஞ்சு என்பது ஒரு மில்லிமீட்டரில் மூன்றில் ஒரு பங்கு.

போத்தலில் முதலில் பார்க்க வேண்டியது அசைவு. தானாக மூச்சுவிடும் நோயாளி மூச்சை இழுக்கும்போது குழாய்க்குள் நீர்மட்டம் மேலேறும், விடும்போது கீழிறங்கும். செயற்கைச் சுவாசக் கருவியில் இருப்பவருக்கு இது தலைகீழாக நடக்கும். அசைவு நின்றுவிட்டால் நுரையீரல் முழுவதும் விரிந்துவிட்டது என்று மகிழத் தோன்றும், ஆனால் முதலில் போர்வையை விலக்கிப் பாருங்கள். பல நேரங்களில் நோயாளி குழாயின் மேலேயே படுத்திருப்பார், அல்லது கட்டிலின் பக்கக் கம்பியில் அது மடங்கிக் கிடக்கும். காற்றை இழுத்தெடுக்கும் உறிஞ்சு கருவி போத்தலோடு இணைந்திருந்தாலும் அசைவு தெரியாது. அடைப்பு என்று சந்தேகம் வந்தால் குழாயைக் கையால் பிழிந்து இழுக்கும் பழைய பழக்கம் வேண்டாம், அது நெஞ்சுக்குள் கடுமையான உறிஞ்சு அழுத்தத்தை உண்டாக்கி நுரையீரலைக் காயப்படுத்தலாம். மெல்லிய குழாய்க்கு மருத்துவர் சலைன் (உப்பு நீர்) செலுத்தச் சொல்லியிருந்தால், அந்த அளவையும் நேரத்தையும் தவறாமல் கடைப்பிடிக்க வேண்டும்.

அடுத்தது குமிழி. இருமும்போது மட்டும் ஓரிரு குமிழிகள் வந்தால் கசிவு சிறியது. மூச்சுக்கு மூச்சு விடாமல் வந்தால் நுரையீரலில் பெரிய கசிவு இருக்கலாம், இணைப்பு ஏதாவது தளர்ந்திருக்கலாம், அல்லது குழாய் சற்று வெளியே நழுவி அதன் பக்கத் துளை தோலுக்கு வெளியே வந்திருக்கலாம். ஆகவே நெஞ்சில் போட்ட கட்டு முதல் போத்தல்வரை ஒவ்வோர் இணைப்பையும் விரலால் தொட்டுப் பார்த்துக்கொண்டே வர வேண்டும். வடிவது சேரும் அறை, தண்ணீர் நிற்கும் நீரடைப்பு அறை, உறிஞ்சு அறை என மூன்று அறை கொண்ட பெட்டியில் ஒரு குழப்பம் வரும்: உறிஞ்சு அறையில் மெல்லக் கொப்பளிப்பது இயல்பு, நீரடைப்பு அறையில் கொப்பளிப்பதுதான் கசிவு. எந்த அறையில் என்று எழுதாமல் ‘குமிழி உண்டு’ என்று மட்டும் பதிவு செய்தால் அடுத்து வருபவருக்கு அதனால் பயனில்லை.

இந்தக் கொப்பளிப்பைப் பார்த்துப் பயந்து குழாயைக் கிளாம்ப் போட்டு மூடுவதுதான் எனக்குத் தெரிந்தவரை மிக மோசமான தவறு. தொடக்க காலத்தில் நானே அதைச் செய்தேன். எக்ஸ்ரேக்கு அழைத்துப்போக ஆள் வந்து நின்றார். வழியில் தண்ணீர் சிந்திவிடக்கூடாதே என்று, குமிழி வந்துகொண்டிருந்த குழாயில் கிளாம்ப் மாட்டி அனுப்பிவைத்து நானும் கூடவே போனேன். மின்தூக்கிக் கதவு மூடுவதற்குள் “ஏம்மா, மூச்சு முட்டுதும்மா” என்றார் அந்த அங்கிள். கழுத்து நரம்புகள் புடைத்திருந்தன, உதடு கறுத்துக்கொண்டு வந்தது. கிளாம்பை எடுத்ததும் போத்தல் தளதளவென்று கொதித்தது, இரண்டு நிமிடத்தில் அவர் முகம் தெளிந்தது. வெளியேற வழியில்லாத காற்று உள்ளேயே ஏறி நுரையீரலையும் இதயத்தையும் அழுத்தியிருந்தது. குமிழி வரும் குழாயை, போத்தல் மாற்றும் சில நொடிகளுக்கோ கசிவின் இடத்தைக் கண்டறிய மூத்தவர் ஒருவர் கணநேரம் அழுத்திப் பார்ப்பதற்கோ தவிர, மூடவே கூடாது.

உறிஞ்சு கருவியிலும் இதே ஆபத்து ஒளிந்திருக்கிறது. சுவரிலுள்ள திருகை மட்டும் மூடிவிட்டுக் குழாயைக் கழற்றாமல் விட்டால் போத்தலின் காற்றுப்போக்கி அடைபட்டுவிடும், அது கிளாம்ப் போட்டதற்குச் சமம். உறிஞ்சுதல் வேண்டாம் என்றால் அந்தக் குழாயைப் போத்தலிலிருந்தே கழற்றிவிடுங்கள். வேண்டும் என்றால் வழக்கமாக 10 முதல் 20 சென்டிமீட்டர் நீர் அழுத்தம்வரை வைப்பார்கள். அந்த எண்ணை மருத்துவரின் குறிப்பில் பார்த்தே வைக்க வேண்டும்.

போத்தல் எப்போதும் நெஞ்சுக்குக் கீழேதான் இருக்க வேண்டும், நிமிர்ந்தும் நிற்க வேண்டும். தள்ளுகட்டிலில் போகும்போது இடம் போதவில்லை என்று கால்களுக்கு நடுவே வைக்கக்கூடாது, வடிந்தது நெஞ்சுக்கே திரும்பிவிடும்.

வடியும் அளவைக் கண்மட்டத்தில் வைத்துப் பார்த்து, போத்தலில் ஒட்டிய பட்டையில் நேரத்தோடு கோடு போடுங்கள். முதலில் ஊற்றிய தண்ணீரின் அளவைக் கழிக்க மறக்க வேண்டாம். நாள்பட்டுத் தேங்கிய நீர் முதல் தடவையில் ஏறத்தாழ 1.5 லிட்டருக்கு மேல் வேகமாக வெளியேறினால், திடீரென்று விரியும் நுரையீரலிலேயே நீர் கோத்துக்கொள்ளலாம். அதனால் விடாத இருமலோ நெஞ்சு இறுக்கமோ தொடங்கினால் மருத்துவரை உடனே அழைக்க வேண்டும். இரத்தம் மணிக்கு 200 மில்லிலிட்டர் அளவில் தொடர்ந்து வந்தால் அறுவை சிகிச்சைக் குழுவுக்குச் சொல்லக் காத்திருக்கக்கூடாது. அதுவரை வந்துகொண்டிருந்த இரத்தம் சட்டென்று நின்றுபோனாலும் நிம்மதியடைய வேண்டாம், உறைந்த இரத்தம் குழாயை அடைத்திருக்கலாம்.

கட்டு போட்ட இடத்தைச் சுற்றி விரலால் மெல்ல அழுத்திப் பாருங்கள். பொரியை அழுத்துவதுபோல் தோலுக்கடியில் நொறுநொறுவென்று உணர்ந்தால் காற்று தோலுக்குள் பரவியிருக்கிறது. அதன் எல்லையைப் பேனாவால் குறித்துவைத்தால் பரவுகிறதா என்று தெரிந்துவிடும்.

வலியைப் பற்றிக் கேட்டால் நம்மவர்களில் பெரியவர்கள் பலர் “ஒண்ணுமில்லம்மா” என்றுதான் சொல்வார்கள். அதை நம்பாமல், ஒருமுறை இருமச் சொல்லி முகத்தைப் பாருங்கள். வலியால் ஆழ்ந்து மூச்சு இழுக்காதவரின் நுரையீரல் விரியாது, அதனால் பயிற்சிக்கும் நடைக்கும் முன்பே வலி மருந்து கொடுத்துவிட வேண்டும்.

இணைப்பு கழன்றுவிட்டால் குழாயின் முனையைக் கிருமி நீக்கிய தண்ணீர்ப் போத்தலுக்குள் அமிழ்த்திவிட்டு உதவிக்குக் கூப்பிடுங்கள். குழாயே நெஞ்சிலிருந்து வெளியே வந்துவிட்டால் கையுறை போட்ட கையால் துளையை மூடி, காற்று வெளியேற வழியிருக்கும்படி மூன்று பக்கம் மட்டும் ஒட்டிய கட்டுப் போட வேண்டும். வெளியே வந்த குழாயைத் திரும்ப உள்ளே செருகக் கூடாது. குழாயோடு வீடு திரும்பியவருக்கு இது வீட்டில் நேர்ந்தால், அதேபோல் மூடிக்கொண்டு ஆம்புலன்ஸுக்கு 995ஐ அழைக்க வேண்டும்.

கசிவு நின்று, வடிவது குறைந்து, எக்ஸ்ரேயில் நுரையீரல் விரிந்திருந்தால் குழாயை எடுப்பார்கள். நோயாளி மூச்சை முழுவதும் விட்டு நிறுத்தும் கணத்திலோ, மூச்சைப் பிடித்து முக்கும்போதோ இழுத்து, உடனே தையலை இறுக்கிக் கட்டுப் போட வேண்டும். பின்னர் இன்னோர் எக்ஸ்ரே. காற்றுக் கசிவுக்காகக் குழாய் போட்டவர் வீட்டுக்குப் போகும்போது, திருச்சிக்கோ சென்னைக்கோ விமானச் சீட்டு வாங்கியிருக்கிறாரா என்று கேட்டுவிடுங்கள். நுரையீரல் முழுவதும் விரிந்ததை எக்ஸ்ரே உறுதி செய்த பிறகு குறைந்தது 7 நாளாவது பொறுத்து, மருத்துவரைக் கேட்ட பின்னரே அவர் பறக்கலாம்.