பழவேற்காட்டில் ஆவணப்படம் எடுக்கப் போகிறீர்களா?

சென்னைக்கு வடக்கே இருக்கிற பழவேற்காடு ஏரி என்றதும் ஆளாளுக்குக் கேமராவைத் தூக்கிக்கொண்டு ஓடுவது பூநாரைக்காகத்தான். எடுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் குளிர்காலத்தில் வந்துபோகிற பறவையை மட்டும் காட்டினால், வருடம் முழுக்க அந்தத் தண்ணீரில் பிழைக்கிறவர்கள் படத்தில் இருக்க மாட்டார்கள்.

முதல் சில தடவை கேமரா இல்லாமல் போங்கள். பொன்னேரியிலிருந்து பஸ் இருக்கிறது. காலையில் மீன் விற்கிற இடத்தில் டீயோடு நின்றால் பேச்சு தானாக வரும், அப்போது 'பாடு' பற்றிக் கேளுங்கள். ஏரியில் எந்த இடத்தில் யார் எந்த நாள் வலை கட்டுவது என்று மீனவ ஊர்கள் தங்களுக்குள்ளேயே முறை வைத்துப் பிரித்துக்கொள்கிற ஏற்பாடு அது. எல்லாருக்கும் பாடு கிடையாது, கிடைக்காதவர்கள் சொல்வதையும் கேட்டுவிட்டுத்தான் கதையை முடிவு செய்யணும்.

இருளர் பெண்கள் கையாலேயே இறால் பிடிப்பதை அவசியம் எடுங்கள். தண்ணீரில் குனிந்து இரண்டு கையாலும் சேற்றைத் துழாவுவார்கள், கிடைத்த இறாலைப் போடுகிற ஓலைப் பறி பல்லில் கடித்தபடி இருக்கும். அதனால் வேலை நேரத்தில் பேட்டியெல்லாம் நடக்காது. கரையில் நின்று ஜூம் போடாதீர்கள், அவர்களிடம் கேட்டுவிட்டு நீங்களும் இறங்கி, கேமராவை அவர்கள் முகத்துக்கு நேராகக் கொண்டுவாருங்கள். சிப்பி காலைக் கிழிக்கும், செருப்பைச் சேறு இழுத்துக்கொள்ளும், பழைய கேன்வாஸ் ஷூ ஒன்று இருந்தால் போட்டுக்கொள்ளுங்கள்.

ஏரி கடலோடு சேருகிற முகத்துவாரத்தை ஒரே நாளில் எடுத்து முடித்துவிட முடியாது. மணல் அடைத்தால் கடல்தண்ணீர் உள்ளே வருவது குறைந்து மீன்வரத்தும் படுத்துவிடும், மழைக்காலத்தில் வெள்ளம் வந்து திறந்துவிடும். ஒரே இடத்தில் ட்ரைபாடை வைத்து கோடையிலும் ஐப்பசி கார்த்திகையிலும் எடுத்து வைத்தால், எடிட்டிங்கில் ரொம்ப விளக்கம் பேச வேண்டியிருக்காது.

காற்று ஓயவே ஓயாது. மைக்குக்கு ரோம உறை இல்லாமல் போனால் பேட்டி முழுக்க இரைச்சல்தான், படகு மோட்டார் ஓடும்போது பேசவே விடாதீர்கள். சாயங்காலம் உப்பு போக கேமராவைத் துடைத்து வையுங்கள்.

ட்ரோன் ஆசை இருந்தால் முதலில் அனுமதி விஷயத்தைப் பாருங்கள், ஏரிக்கும் கடலுக்கும் நடுவில் இருப்பது ராக்கெட் ஏவுகிற ஸ்ரீஹரிகோட்டா. பறவைகள் சரணாலயப் பகுதிக்கு வனத்துறையிடமும் கேட்கணும். ராக்கெட் விடுகிற நாளில் மீனவர்களைக் கடலுக்குப் போக வேண்டாம் என்று சொல்லிவிடுவார்கள். அன்றைக்கு வானத்தைப் படம்பிடிக்க ஊரே இருக்கும், நீங்கள் கரையில் சும்மா கிடக்கிற படகுகளைப் பாருங்கள்.

எடிட்டிங் முழுசாக முடிவதற்குள் ஊரில் ஒரு சுவரிலாவது படத்தைப் போட்டுக் காட்டுங்கள். பாடு தகராறு பற்றிப் பேசிய யாராவது அந்த இடத்தை எடுத்துவிடச் சொன்னால் வாதம் பண்ணாமல் எடுத்துவிடுங்கள், மறுநாள் அவர்தான் அதே ஆட்களோடு ஏரிக்குள் போகணும்.