பாதாம் ஒட்டிய பன்றிக்கறி: எண்ணெய்ச் சட்டி இல்லாத இரவுச் சாப்பாடு

100 கிராம் பாதாமில் ஏறத்தாழ 50 கிராம் கொழுப்பு, 580 கலோரி. வேர்க்கடலையும் கிட்டத்தட்ட அதே கணக்குதான். இதைக் கறியின் மேல் ஒட்டிச் சுட்டால் சாப்பாடு எப்படி இலேசாகும் என்று கேட்டால் நியாயமான கேள்வி. விடை பொரிக்கும் எண்ணெயில் இருக்கிறது. ரொட்டித்தூளில் புரட்டிய கறி மொறுமொறுக்க வேண்டுமானால் சட்டியில் எண்ணெயைக் குடித்தாக வேண்டும். பருப்போ தன்னிடம் உள்ள எண்ணெயிலேயே வறுபட்டுக்கொள்ளும். ஆனால் அளக்காமல் கை நிறைய அள்ளி ஒட்டினால் இந்த லாபம் அப்படியே போய்விடும். அதனால் கொழுப்பில்லாத துண்டம், மேல்பக்கம் மட்டும் பூச்சு என்ற இரண்டையும் விட்டுக்கொடுக்கக் கூடாது. கீழே உள்ள அளவுப்படி செய்தால் ஒருவருக்குச் சுமார் 275 கலோரி வரும்.

நான்கு பேருக்குத் தேவையானவை

பன்றிக்கறி, டெண்டர்லாயின் – 500 கிராம்
தோலோடு கூடிய பச்சைப் பாதாம் – 60 கிராம் (ஏறத்தாழ 50 பருப்பு)
ரஸ்க் தூள் அல்லது காய்ந்த ரொட்டித்தூள் – 20 கிராம்
முட்டை வெள்ளைக்கரு – 1
பாட்டிலில் வரும் மஸ்டர்ட் – 1 டேபிள்ஸ்பூன்
அரிசிமாவு – 1 டேபிள்ஸ்பூன்
உப்பு – 4 கிராம், அதாவது முக்கால் டீஸ்பூனுக்குச் சற்றுக் குறைவு
மிளகு, சோம்பு – தலா அரை டீஸ்பூன், ஒன்றிரண்டாக இடித்தது
பூண்டு – 2 பல், நசுக்கியது
எண்ணெய் – 2 டீஸ்பூன்

கறி வாங்கும்போது

டெண்டர்லாயின் என்பது முதுகெலும்பின் உள்பக்கம், இடுப்பை ஒட்டி நீளமாக ஓடும் மெல்லிய தசை. விலங்கு அதிகம் வேலை வாங்காத தசை என்பதால் மெத்தென்று இருக்கும். சமைக்காத 100 கிராமில் 110 முதல் 120 கலோரிதான். ஊர்க் கறிக்கடைகளில் இதைத் தனியாக எடுத்து வைப்பது அரிது. வெட்டும்போதே கேட்டு வாங்க வேண்டும், அல்லது உறைய வைத்த பாக்கெட்டில் தேட வேண்டும். கிடைக்காவிட்டால் முதுகுக் கறியில் எலும்பும் ஓரக் கொழுப்பும் நீக்கி வாங்கிக்கொள்ளலாம். வயிற்றுக் கறியும் தோலோடு கூடிய கறியும் வறுவலுக்கு அருமையானவை, இதற்கு ஆகாது. உருகி வழியும் கொழுப்பு பூச்சைக் கழற்றிவிடும்.

வெட்டிய பரப்பில் அரிசி அல்லது சிறு பட்டாணி அளவில் வெண்மையான நீர்க்குமிழ்கள் தெரிந்தால் அந்தக் கறியை வாங்காதீர்கள். அவை நாடாப்புழுவின் இளம்பருவக் கூடுகளாக இருக்கக்கூடும்.

வீட்டுக்கு வந்ததும் முதல் வேலை, தசையின் மேல் ஒரு பக்கமாகப் படிந்திருக்கும் வெள்ளி நிறச் சவ்வை எடுப்பது. கத்தி முனையை அதன் அடியில் நுழைத்து, கூர்ப்பக்கத்தைச் சற்று மேல்நோக்கிச் சாய்த்து இழுத்தால் நாடாவாக வந்துவிடும். இந்தச் சவ்வு வெந்து கரையாது. சூட்டில் சுருங்கித் துண்டைக் கிண்ணம்போல வளைத்துவிடும். வளைந்த இடத்தில் பூச்சு விரிசல் விடும்.

துண்டின் கனம்

பலரும் கவனிக்காமல் விடுவது இதைத்தான். 200 டிகிரி சூட்டில் பருப்பு பொன்னிறமாக 12 முதல் 15 நிமிடம் ஆகும். அதே நேரத்தில் கறியும் வெந்து முடிய வேண்டும். 1 செ.மீ. துண்டு பருப்பு சிவப்பதற்குள் காய்ந்து போகும். 4 செ.மீ. துண்டு வேகும்வரை வைத்தால் பருப்பு கருகும். இரண்டும் ஒத்துப்போகும் கனம் 2 செ.மீ. எனவே தசையைக் குறுக்கே 3 செ.மீ. துண்டுகளாக வெட்டி, வெட்டுமுகம் மேலே இருக்கும்படி வைத்து, உள்ளங்கையால் 2 செ.மீ.க்கு அழுத்துங்கள். 500 கிராமுக்கு 8 துண்டு வரும். வால்பக்கம் மெலிந்திருக்கும், அதை மட்டும் கொஞ்சம் நீளமாக வெட்டி மடித்து அழுத்தினால் மற்றவற்றோடு சேர்ந்து வேகும்.

உப்பை இருபக்கமும் தூவி, மூடாமல் ஃபிரிட்ஜில் 40 நிமிடம் வையுங்கள். உப்பு முதலில் நீரை வெளியே இழுக்கும், பிறகு அந்த உப்புநீர் மெல்லத் திரும்பக் கறிக்குள் போகும். அவசரப்பட்டுப் பூச்சுக்கு 5 நிமிடம் முன்பு உப்பிட்டால் மேற்பரப்பு சொதசொதவென்று ஈரமாக இருக்கும் நேரத்தில் மாட்டிக்கொள்வீர்கள். வெளியே எடுத்ததும் டிஷ்யூவால் ஒற்றி எடுங்கள்.

பருப்பை உடைப்பது

பாதாமைக் கால் மணி நேரம் ஃபிரீசரில் வைத்துவிட்டு, ஈரமில்லாத சின்ன ஜாரில் ரஸ்க் தூளோடு சேர்த்துப் போட்டு, மிக்ஸியை விட்டு விட்டு 5, 6 தடவை மட்டும் ஓட்டுங்கள். தொடர்ந்து ஓட்டினால் ஜார் சூடாகி, பருப்பு எண்ணெய் கக்கி, அடியில் விழுதாக ஒட்டிக்கொள்ளும். விழுதான பருப்பு ஓவனில் மொறுமொறுக்காது, பிசுபிசுவென்று படியும். ரஸ்க் தூள் சேர்ப்பது கசியும் எண்ணெயை உறிஞ்சத்தான். பாதி கோதுமை ரவை அளவிலும் பாதி உடைத்த பயறு அளவிலும் இருப்பது சரியான பதம். சின்னது இடுக்குகளை நிரப்பும், பெரியது கடிபடும். மிளகையும் சோம்பையும் கடைசியில் கலந்துகொள்ளுங்கள். பன்றிக்கறிக்குச் சோம்பு நன்றாக ஒத்துப்போகும், அதை மட்டும் தவிர்க்காதீர்கள்.

பருப்பை முன்கூட்டியே வறுக்கக் கூடாது. வறுத்ததை மறுபடி ஓவனில் வைத்தால் கறி வேகும் முன் கசந்துவிடும். வறுத்து உப்பிட்ட பிஸ்தா, முந்திரிப் பாக்கெட்டுகளும் அதனால்தான் சரிவராது.

பாதாமுக்குப் பதில் வேர்க்கடலை போடலாம், விலையும் குறைவு. தோல் நீக்கிய பச்சைக் கடலையாக இருக்கட்டும். சுருங்கியது, நிறம் மாறியது, பூஞ்சை வாடை அடிப்பது எல்லாவற்றையும் பொறுக்கி எறியுங்கள், ஏனென்றால் பூஞ்சை விடும் அஃப்ளாடாக்சின் நஞ்சு சமையல் சூட்டில் அழியாது. முந்திரி சீக்கிரம் சிவக்கும். ஓவனை 180க்குக் குறைத்து 3, 4 நிமிடம் கூட்டிக்கொள்ளுங்கள். அக்ரூட் தோல் துவர்க்கும், காறலும் சீக்கிரம் ஏறும். எங்கள் தேர்வில் அதற்குக் கடைசி இடம். விருந்தினர் வருவதாக இருந்தால் பருப்பு ஒவ்வாமை உண்டா என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள். பூச்சுக்குள் என்ன இருக்கிறது என்பது பார்த்தால் தெரியாது.

ஒட்டவைப்பது

வெள்ளைக்கருவை நுரைக்கும் அளவுக்கு அடிக்காமல், நூல்நூலாக நிற்பது மறையும்வரை மட்டும் முள்கரண்டியால் கலக்கி, மஸ்டர்டும் பூண்டும் சேருங்கள். கடுகை வீட்டில் அரைத்துச் சேர்த்தால் கசப்புத் தட்டும். பாட்டில் மஸ்டர்ட் இல்லையென்றால் துணியில் கட்டித் தொங்கவிட்ட கெட்டித்தயிர் 1 டேபிள்ஸ்பூன் போதும்.

துண்டின் மேல்பக்கத்தில் அரிசிமாவை மெல்லத் தூவித் தட்டிவிடுங்கள். மாவு ஈரத்தைப் பிடித்துக்கொள்ளும், முட்டை மாவைப் பிடித்துக்கொள்ளும், பருப்பு முட்டையில் ஒட்டும். அதன்மேல் முட்டைக் கலவையைப் பிரஷ்ஷால் மெல்லிசாகத் தடவுங்கள். வழிகிற அளவுக்குத் தடவினால் கறிக்கும் பூச்சுக்கும் நடுவே ஆம்லெட் மாதிரி ஓர் அடுக்கு உண்டாகி, வெட்டும்போது பூச்சு தனித் தகடாகக் கழன்று வரும். பருப்புக் கலவையைத் துண்டுக்கு 10 கிராம், அதாவது குவித்த ஒரு டேபிள்ஸ்பூன் வீதம் வைத்து, உள்ளங்கையால் 10 நொடி அழுத்துங்கள். எண்ணெயை அதன்மேல் சொட்டுச் சொட்டாகத் தெளித்துவிட்டு 20 நிமிடம் ஃபிரிட்ஜில் வையுங்கள். ரஸ்க் ஈரத்தை இழுத்து இறுக இந்த நேரம் வேண்டும்.

சுடுவது

ஓவனை 200 டிகிரியில் 15 நிமிடம் காயவிடுங்கள். தட்டின் மேல் கம்பி வலை வைத்து, அதில் லேசாக எண்ணெய் தடவி, பூச்சு மேலே பார்க்கத் துண்டுகளை இடைவெளி விட்டு அடுக்குங்கள். நேரடியாகத் தட்டில் வைத்தால் கசியும் சாற்றில் அடிப்பக்கம் அவிந்துபோகும். நடுத்தட்டில் 13 முதல் 16 நிமிடம். ஓடிஜி எனப்படும் சின்ன மேசை ஓவன்களில் மேல்கம்பி கறிக்கு மிக அருகில் இருப்பதால் 8ஆவது நிமிடமே ஒருமுறை பாருங்கள். சிவந்துவிட்டிருந்தால் ஃபாயிலை மேலே சும்மா போர்த்துங்கள். இறுக்கி மூடினால் ஆவி கட்டி மொறுமொறுப்பு போய்விடும். திருப்பிப் போடும் வேலை இல்லை.

ஏர் ஃபிரையரில் 180 டிகிரியில் 11 முதல் 13 நிமிடம். காற்று வேகமாக அடிப்பதால் ஒட்டாத தூள் பறந்து கம்பியில் பட்டுக் கருகும். உதிர்ந்ததை முதலிலேயே தட்டிவிடுங்கள். தோசைக்கல்லில் செய்வதானால் துண்டை 1 செ.மீ.க்குத் தட்டிக்கொள்ளுங்கள். மிதமான தீயில் பூச்சு அடியில் இருக்க 3 நிமிடம், ஒரே ஒருமுறை திருப்பி இன்னொரு 3 நிமிடம், மூடி போடாமல். இதில் பருப்பு ஓவனில் வைத்த மாதிரி ஒரே சீராகச் சிவக்காது.

எப்போது வெந்தது

அமெரிக்க வேளாண் துறை 2011ல் முழுத்துண்டுப் பன்றிக்கறிக்கான அளவை 71 டிகிரியிலிருந்து 63 டிகிரிக்குக் குறைத்து, 3 நிமிடம் ஆறவிட வேண்டும் என்றது. கட்டுப்பாடான பண்ணையிலிருந்து வரும் கறிக்கு அது சரி. எங்கே, எப்படி வளர்ந்தது என்று தெரியாத கறிக்கு 71 டிகிரிதான் நல்லது. நாடாப்புழு நம்மூரில் இன்னும் இருக்கிற விஷயம். வெப்பமானியைப் பூச்சின் வழியே குத்தாமல், பக்கவாட்டிலிருந்து துண்டின் நடுவுக்குச் செலுத்துங்கள். 68 காட்டும்போது வெளியே எடுத்தால், ஆறும் 4, 5 நிமிடத்தில் மீதிச் சூடு பெரும்பாலும் தானே ஏறிவிடும். பரிமாறும் முன் இன்னொரு முறை அளந்து, 71 எட்டவில்லை என்றால் 2 நிமிடம் திரும்ப வையுங்கள். வெப்பமானி இல்லையென்றால் ஆகக் கனமான துண்டை நடுவில் கீறிப் பாருங்கள்: இளஞ்சிவப்பு இருக்கக் கூடாது, சாறு தெளிவாக வர வேண்டும். 71 டிகிரியில் கறி கொஞ்சம் இறுகத்தான் செய்யும். 40 நிமிட உப்பு அங்கேதான் கைகொடுக்கும்.

கம்பி வலையிலேயே ஆறவிடுங்கள், தட்டில் கவிழ்த்து மூடி வைக்காதீர்கள்.

கூட வைக்க

புளிப்பும் நறுக்கென்ற கடியும் உள்ள ஏதாவது போதும். 200 கிராம் முட்டைக்கோஸை நூலாகச் சீவி, கால் டீஸ்பூன் உப்பிட்டுப் பிசைந்து 10 நிமிடம் கழித்து நீரைப் பிழிந்துவிட்டு, ஒரு பச்சை ஆப்பிளைக் குச்சிகளாக நறுக்கிப் போட்டு, அரை மூடி எலுமிச்சை பிழியுங்கள். தயிரில் மஸ்டர்ட் கலந்து சாஸ் செய்தால் அதைத் தட்டில் முதலில் பரப்பிவிட்டு, கறியை மேலே வையுங்கள். பூச்சின் மேல் ஊற்றினால் இரண்டே நிமிடத்தில் எல்லாம் ஊறிப்போகும்.

மிஞ்சியதை மறுநாள் 160 டிகிரி ஓவனில் 10 நிமிடம் நன்றாகச் சூடேற்றலாம். மைக்ரோவேவில் பூச்சு துவண்டுவிடும். பூசிய பச்சைக் கறியை ஃபிரீசரில் வைக்க வேண்டாம், உருகும் நீர் பருப்பைக் கூழாக்கிவிடும். முன்கூட்டிச் செய்து வைக்க நினைத்தால் பருப்புக் கலவையை மட்டும் காற்றுப் புகாத டப்பாவில் போட்டு உறைய வையுங்கள், ஒரு மாதம் தாங்கும்.