பெயரின் வேரும் எழுத்தும்: மலையகத்தில் பிள்ளைக்குப் பெயர் பார்க்கும் முறை

இலங்கை மலையகத்தில் ஒரு பெயர் மூன்று மொழியில் பிழைக்க வேண்டும். வீட்டில் தமிழில் கூப்பிடுவோம். ஆஸ்பத்திரியிலும் பஸ்ஸிலும் அது சிங்களக் காதில் விழும். கடவுச்சீட்டில் ஆங்கில எழுத்தில் ஏறும். இந்த மூன்றிலும் பார்த்த பிறகுதான் பதிவாளரிடம் போக வேண்டும். பெயர்ப் பட்டியல் போடும் இணையத்தளங்களை நம்பி முடிவெடுக்காதீர்கள். பொருள் தெரியாத பெயருக்கெல்லாம் அங்கே "இளவரசி", "பிரகாசம்", "வெற்றியாளன்" என்று எதையாவது எழுதி வைத்திருப்பார்கள்.

முதலில் குறில், நெடில், ர, ற

பெயரைத் தமிழில் சரியாக எழுதிப் பாருங்கள். நிலா என்றால் சந்திரன், தமிழ்ச் சொல். நீலா என்றால் நீல நிறத்தவள், வடமொழி. ஆங்கிலத்தில் இரண்டையும் பல வேளைகளில் ஒரே நான்கு எழுத்தில் எழுதிவிடுகிறார்கள். அந்த எழுத்தைப் பார்த்து இணையத்தில் பொருள் தேடினால் எந்த நிலா கிடைக்கும் என்பது அதிர்ஷ்டம். மாறன் பாண்டியரின் பெயர், மாரன் மன்மதன். ஒரு எழுத்துத்தான் வித்தியாசம்.

எந்த மொழி என்று எழுத்தே சொல்லும்

ழ, ற இருந்தால் பெரும்பாலும் தமிழ்: யாழினி, எழில், வெற்றிவேல். ஜ, ஷ, ஸ, ஹ இருந்தால் வெளியிலிருந்து வந்தது. வடமொழி, அரபு, பாரசீகம், ஐரோப்பிய மொழி, எதுவாகவும் இருக்கலாம். தமிழ் இலக்கணப்படி ர, ல, ட ஆகியவை சொல்லின் முதலில் வரா. அதனால்தான் பழையவர்கள் இராமன், இலட்சுமி என்று முன்னால் ஓர் இகரம் போட்டு எழுதினார்கள். ரம்யா, லதா, ரவி எல்லாம் வடமொழி. மாரியாயி, கருப்பாயி, செல்லம்மா என்று ஆயி, அம்மா சேர்ந்து வரும் பெயர்கள் நம் பாட்டிமார் கடல் தாண்டிக் கொண்டுவந்தவை. மாரி என்றால் மழை. அந்தப் பெயரைப் பட்டிக்காட்டுப் பெயர் என்று ஒதுக்குவது வீண் கூச்சம்.

சரியான இடத்தில் வெட்டுங்கள்

அதிகம் தவறு நடக்கும் இடம் இதுதான். வடமொழிப் பெயருக்கு முன்னொட்டு, வேர், விகுதி என்று மூன்று துண்டு இருக்கலாம். நிரோஷன் என்ற பெயர் நிர் (இல்லாத) + ரோஷ (கோபம்), அதாவது கோபமற்றவன். ரோஷன் என்பதோ பாரசீகச் சொல், வெளிச்சம். இரண்டும் ஒரே வேர் என்று நினைத்து நிரோஷனுக்கு "வெளிச்சம் இல்லாதவன்" என்று பொருள் சொல்லிப் பயமுறுத்துகிறவர்களும் உண்டு. தமிழில் ரோஷம் என்றால் மானம் என்று ஆகிவிட்டதால் வீட்டுப் பெரியவர் ஒருவர் "ரோஷமில்லாதவனா?" என்று கேட்பார். அதற்கும் பதில் வைத்துக்கொள்ளுங்கள். துஷாரா என்றால் பனி, உறைபனி. ஜனவரியில் நுவரெலியாவில் தேயிலைக் கொழுந்தைக் கருக்குகிற அதே பனிதான்.

ஒலி ஒன்றாக இருந்து மொழி வேறாகவும் இருக்கும். சமீர் வடமொழியில் காற்று, அரபில் இரவில் கூடிப் பேசும் தோழன். அமல் வடமொழியில் மாசற்றவன், அரபில் நம்பிக்கை. நிஷா வடமொழியில் இரவு, அரபு நிசா என்றால் பெண்கள். கவின் தமிழில் அழகு. கெவின் ஐரிஷ் பெயர், அதிலும் அழகு என்ற பொருள் ஒளிந்திருக்கிறது, ஆனால் உறவில்லை. இப்படி இரண்டு வேர் கிடைத்தால் எந்த வேரை நினைத்து வைக்கிறோம் என்று நீங்களே முடிவு செய்யுங்கள். எழுத்துக்கூட்டலும் அதன்படியே அமையட்டும்.

சரிபார்க்கச் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகனும் (1924 முதல் 1936 வரை வெளிவந்தது) வடமொழிக்கு மோனியர் வில்லியம்ஸ் அகராதியும் போதும். இரண்டையும் இணையத்தில் இலவசமாகத் தேடலாம். அகராதியில் முழுப் பெயரைத் தேடாதீர்கள், வெட்டிய வேரைத் தேடுங்கள்.

நட்சத்திர எழுத்து

27 நட்சத்திரம், ஒவ்வொன்றுக்கும் 4 பாதம், ஆக 108 எழுத்து. இந்த அட்டவணை தமிழ்ச் சொல்லின் முதலெழுத்தைப் பார்த்துச் செய்தது இல்லை. பரணிக்கு லி, லு, லே, லோ. அத்தத்துக்கு பூ, ஷ, ண, ட. ணகரத்தில் தொடங்கும் பெயருக்கு எங்கே போவது? அதே நட்சத்திரத்தின் வேறு பாதத்து எழுத்தை எடுப்பது வழக்கம். அதுவும் ஒத்துவராவிட்டால் நட்சத்திரப் பெயரை ஐயர் காதில் ஓதட்டும், பதிவில் பிடித்த பெயரை எழுதுங்கள். எண்கணிதத்துக்காக ஆங்கிலத்தில் கூடுதல் எழுத்துச் சேர்ப்பதை மட்டும் தவிர்க்கவும். அந்த ஓர் எழுத்து ஒவ்வொரு படிவத்திலும் விடுபடும்.

வேதக்கார வீட்டிலும் இஸ்லாமிய வீட்டிலும்

கத்தோலிக்கர் முன்பே ஒரு நல்ல வழி காட்டியிருக்கிறார்கள். பெயரின் பொருளையே தமிழாக்கினார்கள். யோவான் என்ற எபிரேயப் பெயருக்கு இறைவன் அருள் கூர்ந்தார் என்று பொருள், அது அருளப்பன் ஆனது. பவுல் இலத்தீனில் சிறியவன், அதனால் சின்னப்பன். ஸ்தேவான் கிரேக்கத்தில் முடி, கிரீடம், அதனால் முடியப்பன். சூசை மட்டும் போர்த்துக்கேய ஜோசேயின் ஒலி மருவியது. தாய் ஒரு மதம், தகப்பன் ஒரு மதம் என்றால் இந்த வழியைப் பிடிக்கலாம். மார்கரெட், முத்து இரண்டுக்கும் பொருள் ஒன்றே.

அரபில் அப்துல் என்றால் "இன்னாரின் அடியான்" என்பதில் பாதிதான். ரஹ்மான், ரஹீம் போன்ற இறைநாமம் சேர்ந்தால்தான் பெயர் முழுமையாகும். அப்துலைத் தனி இனிஷலாக ஆக்கிவிடாதீர்கள்.

சிங்களக் காதில் ஒரு தடவை

பெயரைச் சிங்களம் பேசும் அயலவரிடம் சொல்லி, திரும்பச் சொல்லச் சொல்லுங்கள். மதி நமக்குச் சந்திரன், அறிவு. சிங்களத்தில் அதே ஒலிக்குப் "போதாது" என்று பொருள். வளர்மதி, மதிவதனி என்று நீட்டினால் அந்தச் சிக்கல் போய்விடும். தாரா வடமொழியில் நட்சத்திரம், ஆனால் சிங்களத்திலும் நம் பேச்சிலும் வாத்து. மாறன் என்றால் பௌத்தக் கதையில் புத்தரைச் சோதித்த மாரன் நினைவுக்கு வருவான். ஹரி என்றால் "சரி", அதில் கேடில்லை. பள்ளிக்கூடத்தில் கேலி வருமா என்று மட்டும் யோசித்தால் போதும்.

ழகரம் சிங்களத்தில் இல்லை. யாழினி அங்கே யாலினி ஆவாள். ஆங்கிலத்தில் ழவுக்குத் தமிழ்நாட்டில் இசட்-எச் போடுவார்கள், இலங்கையில் எல் எழுதுவதே அதிகம். எல் போடுங்கள், இல்லாவிட்டால் யாசினி என்று வாசிப்பார்கள். தமிழில் ஒரே ப எழுத்தால் பாரதியையும் பார்வதியையும் எழுதுகிறோம். சிங்களத்திலும் ஆங்கிலத்திலும் அவை வேறு எழுத்துகள். பதிவாளர் ஊகிக்கும்படி விட்டால் தவறான எழுத்துத்தான் விழும்.

பதிவில்

பிறப்பை 42 நாட்களுக்குள் பதிய வேண்டும், அதுவும் பிறந்த இடத்துப் பிரிவின் பதிவாளரிடம். மஸ்கெலியாத் தோட்டத்துப் பிள்ளை டிக்கோயா ஆஸ்பத்திரியில் பிறந்தால் பதிவு அங்கேதான். பெயர் முடிவாகாவிட்டாலும் பிறப்பைப் பதியலாம், பெயரைப் பின்னர் விண்ணப்பித்துச் சேர்க்கலாம். அவசரத்தில் ஏதோ ஒரு பெயரைக் கொடுத்துவிட்டுப் பிறகு மாற்ற அலைவதை விட அது மேல்.

போகும்போது ஒரு துண்டில் பெயரைத் தமிழிலும் சிங்களத்திலும் ஆங்கிலப் பெரிய எழுத்திலும் எழுதிக் கொண்டு போங்கள். வாயால் சொல்லாதீர்கள். தமிழும் அரசகரும மொழி, தமிழில் பதியக் கேட்பது உங்கள் உரிமை. தகப்பன் பெயரை இனிஷலாகச் சுருக்காமல் முழுதாக எழுதச் சொல்லுங்கள். அண்ணனுக்குத் தகப்பன் பெயர் முன்னால் இருந்தால் தங்கைக்கும் முன்னால். கடவுச்சீட்டில் குடும்பப் பெயர் என்றொரு கட்டம் வரும்போது ஒரே வீட்டுப் பிள்ளைகள் வேறு வேறு குடும்பமாகத் தெரியக்கூடாது.

தகப்பனின் பெயரை அவருடைய அடையாள அட்டையைப் பார்த்தே எழுத வேண்டும். இலட்சுமணன் ஒரு கடதாசியில் லெட்சுமணனாகவும் இன்னொன்றில் லக்ஷ்மணனாகவும் இருந்ததால் ஊழியர் சேமலாப நிதிப் பணம் எடுக்கச் சிரமப்பட்ட தோட்டக் குடும்பங்கள் ஏராளம். இருவரும் ஒருவரே என்று சமாதான நீதவான் முன் சத்தியக் கடதாசி முடித்துக் கொடுத்தாலும் ஒவ்வோர் அலுவலகமும் அதைப் புதிதாகக் கேட்கும்.

கையெழுத்துப் போடுமுன் பதிந்ததை எழுத்து எழுத்தாக வாசியுங்கள், சிங்கள வரியை வாசிக்கத் தெரிந்த ஒருவரையும் கூட்டிப் போங்கள். சான்றிதழின் எழுத்தையே கிளினிக் புத்தகத்திலும் பள்ளி அனுமதிப் படிவத்திலும் பிரதி பண்ணுங்கள். சாதாரண தரப் பரீட்சைக்கு விண்ணப்பிக்கும்போது ஆசிரியர் பள்ளி இடாப்பைப் பார்த்துத்தான் பெயரை எழுதுவார்.