கன்னட நாட்டார் மரபுகளைப் படமெடுப்போர் தவிர்க்க வேண்டிய தவறுகள்

கர்நாடகக் கிராமத் திருவிழாக்களைப் படமெடுத்துச் சேமிப்பவர்கள் செய்யும் பெரிய பிழை, படத்தின் அடியில் 'நாட்டுப்புற நடனம்' என்று மட்டும் எழுதிவிடுவது. டொள்ளு குணிதா என்ற பெருமுரசு ஆட்டத்தை ஆடுவோர் பீரேஸ்வரரை வழிபடும் குருபர் சமூகத்தினர். வீரகாசே என்ற ஆட்டம் வீரபத்திரருக்கு உரியது. கம்சாளே என்ற தாளக் கருவி, மலை மாதேஸ்வரரின் அடியார்களான தேவரகுட்டர்களின் கையில் இருப்பது. தெய்வத்தின் பெயர் விட்டுப்போனால், ஆட்டம் யாருக்காக ஆடப்பட்டது என்பதும் சேர்ந்தே விட்டுப்போகிறது. கடலோர மாவட்டங்களில் தெய்வங்களுக்கு ஆடும் சடங்கான பூத கோலாவைக் கன்னடக் கலை என்று குறிப்பதும் இவ்வகைத் தவறுதான். அங்கே பாடப்படும் பாட்தனங்கள் என்ற கதைப்பாடல்கள் துளு மொழியில் அமைந்தவை.

அடுத்த தவறு, சொல்லைக் கைவிடுவது. விஜயநகர மாவட்டத்து மைலாரத்தில், பாரத ஹுண்ணிமே என்ற பௌர்ணமியை ஒட்டிய ஜாத்ரையில் (திருவிழாவில்), விரதமிருந்த கொரவய்யா என்ற அடியார் உயரமான வில்லின் மீது ஏறி நின்று குரல் கொடுத்ததும், லட்சக்கணக்கானோர் திரண்ட கூட்டம் மூச்சடங்கி நிற்கிறது. அவர் காரணிகம் எனப்படும் ஒற்றை வாக்கை உரைத்துவிட்டு மேலிருந்து விழ, கீழே நிற்பவர்கள் தாங்கிக்கொள்கிறார்கள். அந்த வாக்கில் மழையையும் விளைச்சலையும் அரசியலையும் மக்கள் தேடுகிறார்கள். படமெடுப்பவர்களோ அவர் விழும் கணத்தை மட்டும் பிடித்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். உரைத்த வாக்கைக் கேட்டபடியே கன்னடத்தில் அன்றைக்கே எழுதிவைக்க வேண்டும். மக்கள் சொல்லும் விளக்கங்களை அதனுடன் கலக்காமல் தனியே குறிக்க வேண்டும்.

வேஷத்தின் பளபளப்பில் மயங்கிக் கைகளை மறப்பதும் உண்டு. கம்சாளேயில் இடக்கையில் இருப்பது கிண்ணம் போன்ற வெண்கலத் தாளம், வலக்கையில் சுழல்வது குஞ்சம் கட்டிய தட்டையான வட்டு. இரண்டையும் பிடிக்கும் விதம் தெளிவாகத் தெரிய நாலைந்து படங்களேனும் வேண்டும். பின்னாளில் ஒருவர் கற்க விரும்பினால் அவருக்கு உதவுவது அவைதான்.

வாட்ஸ்அப்பில் சாதாரணமாக அனுப்பினால் படத்தின் தரம் குறைந்து, எடுத்த நாள் முதலிய விவரங்களும் உதிர்ந்துவிடுவதால், மூலக்கோப்பைத் தனியே வைத்திருப்பது அவசியம்.

வீட்டுச் சுவரில் தொங்கும் பழைய படத்தை நகலெடுக்கும்போது, வீட்டாரின் அனுமதியுடன் சட்டத்திலிருந்து கழற்றி அதன் பின்புறத்தையும் படமெடுங்கள். ஸ்டூடியோ முத்திரையும் பென்சிலில் எழுதிய தேதியும் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். பிறகு அதை வீட்டு அஜ்ஜியிடம் (பாட்டியிடம்) கொடுத்து, இடமிருந்து வலமாக யார் யார் என்று கேளுங்கள். பெயர்களோடு பாட்டும் வரக்கூடும் என்பதால், படத்தைக் கையில் கொடுக்கும் முன்பே ஒலிப்பதிவைத் தொடங்கிவிட வேண்டும்.