நைலான் பூவில் கேசரிப் பவுடர் நிறம் நின்றது இப்படித்தான்

கொலுவுக்காக வெள்ளை நைலான் துணியில் செய்த பூக்களுக்கு ஆரஞ்சு நிறம் ஏற்ற வேண்டியிருந்தது. கேசரிப் பவுடர் கரைசலில் முக்கினால் அழகாகப் பிடிக்கும். குழாயடியில் காட்டியதும் அத்தனையும் ஓடிவிடும். கல் உப்பு போட்டுப் பார்த்தேன், பயனில்லை. இரவு முழுக்க ஊறவைத்ததில் வெளிறிய மஞ்சள்தான் மிஞ்சியது. நாட்கள் வீணானதுதான் எரிச்சல்.

கைகொடுத்தவை வினிகரும் சூடும். அரை லிட்டர் தண்ணீருக்குக் கால் டீஸ்பூன் பவுடர், இரண்டு மேசைக்கரண்டி வினிகர். கொதிக்கவிடாமல், ஆவி பறக்கும் பதத்தில் அரை மணி நேரம் வைத்து அவ்வப்போது புரட்டினேன். பாத்திரத்துத் தண்ணீர் மெல்ல மெல்லத் தெளிந்தது. நிறம் துணிக்குள் போகிறது என்பதற்கு அதுதான் அடையாளம். அதே நீரில் ஆறவிட்டு அலசியபோது நிறம் இறங்கவே இல்லை.

ஆனால் இதழ்களைக் கட்டிய பருத்தி நூல் மட்டும் வெள்ளையாகவே நின்றது! இந்த நிறம் நைலான், பட்டு, கம்பளியில் பிடிக்கும், பருத்தியில் நிற்காது. உப்பு பருத்திச் சாயத்துக்கான வைத்தியம். பாலியெஸ்டர் பூவுக்கும் இந்த முறை சரிப்படாது. உள்ளே இருப்பது பூச்சில்லாத இரும்புக் கம்பி என்றால் வினிகரில் துரு இறங்கிக் கறையாகும், பார்த்துக்கொள்ளுங்கள். வெள்ளை நூலைப் பச்சை டேப் சுற்றி மறைத்துவிட்டேன்.