யூஜின் ஸ்கைலர் வாழ்க்கையை எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

யூஜின் ஸ்கைலர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் அமெரிக்கத் தூதரக அதிகாரி. அவர் பெயரிலிருந்தே தொடங்கலாம். ஆங்கில எழுத்துகளைப் பார்த்தால் 'ஷூய்லர்' என்று எழுதத்தான் கை போகும். டச்சு வழி வந்த குடும்பப் பெயர் அது. அமெரிக்கர்கள் 'ஸ்கைலர்' என்றுதான் சொல்கிறார்கள்.

1840 பிப்ரவரி 26 அன்று நியூயார்க் மாநிலத்தின் இத்தாக்காவில் பிறந்தவர். 1890 ஜூலையில் இறந்தபோது ஐம்பது வயது. அதற்குள் பத்திரிகைகளுக்கு எழுதினார், ரஷ்ய நாவல்களை மொழிபெயர்த்தார், மத்திய ஆசியாவில் மாதக்கணக்கில் அலைந்தார், ஒரு பெரும் படுகொலையை நேரில் போய் விசாரித்து உலகத்துக்குச் சொன்னார். இப்படி ஒரு மனிதரைப் பற்றி எழுத உட்கார்ந்தால், ஏதாவது ஒரு சிமிழுக்குள் அடைத்துவிடத் தோன்றும். நான் பார்த்த தவறுகளில் பெரும்பாலானவை அந்த அவசரத்தில் வந்தவைதான்.

சின்னத் தவறுகளை முதலில் முடித்துவிடுவோம். 'அமெரிக்காவின் முதல் பிஎச்.டி.' என்று அவரைச் சொல்வதுண்டு. 1861-ல் யேல் மூன்று பேருக்கு அந்தப் பட்டத்தை வழங்கியது. அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்று கொடுத்த முதல் பிஎச்.டி. பட்டங்கள் அவை. மூவரில் ஒருவர் ஸ்கைலர். மூன்று பேர் பங்குபோட வேண்டிய பெருமையை ஒருவர் தலையில் கட்டக் கூடாது. அதேபோல, ரஷ்ய எழுத்தாளர் துர்கனேவை முதலில் ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்தவர் என்பதும் சரியில்லை. துர்கனேவின் வேட்டைக் கதைகள் 1850-களிலேயே ஆங்கிலத்தில் வந்துவிட்டன. 'தந்தையரும் தனயர்களும்' நாவலை முதலில் ஆங்கிலத்தில் தந்தவர் ஸ்கைலர், ஆண்டு 1867. இதுவே போதுமான பெருமை.

அடுத்தது பதவிப் பெயர். இதில் நானே தடுக்கியிருக்கிறேன். பல வருடங்களுக்கு முன் ஒரு சிறு வாழ்க்கைக் குறிப்பில், 1882-ல் ருமேனியா, செர்பியா, கிரீஸ் மூன்றுக்கும் அவர் 'அமைச்சராக' நியமிக்கப்பட்டார் என்று எழுதிவிட்டேன். படித்த ஒருவர், "அமெரிக்கர் எப்படி கிரீஸ் நாட்டு மந்திரி ஆனார்?" என்று கேட்ட பிறகுதான் உறைத்தது. அந்தக் காலத்தில் 'மினிஸ்டர்' என்பது தூதர்களில் ஒரு படிநிலை. அப்படியானால் 'அம்பாசடர்' என்று போடலாமா? அதுவும் கூடாது. அமெரிக்கா அந்தப் பதவியில் யாரையும் 1893 வரை அனுப்பவே இல்லை. வெறுமனே 'அமெரிக்கத் தூதர்' என்று எழுதினால் போதும். மாஸ்கோவிலும் ரெவாலிலும் அவர் கான்சல், அன்றைய ரஷ்யத் தலைநகர் பீட்டர்ஸ்பர்க்கில் தூதரகச் செயலர், கான்ஸ்டான்டினோபிளில் (இன்றைய இஸ்தான்புல்) கான்சல் ஜெனரல். கான்சலின் வேலை பெரும்பாலும் வணிகம், கப்பல், சொந்த நாட்டுக்காரர்களின் வழக்கு வம்பு. அரசரோடு பேசுகிற தூதரின் வேலை வேறு. இரண்டையும் ஒன்றாக்கினால் பின்னால் வரும் பல்கேரியக் கதையே புரியாமல் போகும்.

ரெவால் என்று எழுதும்போது, இன்றைய எஸ்டோனியத் தலைநகர் தாலின் என்று கூடவே சொல்லிவிடுங்கள். பிலிப்போபோலிஸ் என்றால் பல்கேரியாவின் இன்றைய பிளோவ்டிவ். தேதியிலும் கவனம் வேண்டும். 19-ஆம் நூற்றாண்டில் ரஷ்ய நாட்காட்டி நம்முடையதற்கு 12 நாள் பின்னால் ஓடியது, பல்கேரியர்களும் அதையே பின்பற்றினார்கள். ஒட்டோமான் (துருக்கி) ஆட்சிக்கு எதிரான பல்கேரியர்களின் 'ஏப்ரல் எழுச்சி' நம் கணக்குப்படி 1876 மே 2-ல் தொடங்கியது. பெயரில் ஏப்ரல் இருக்கிறதே என்று தேதியைத் திருத்தப் போய் குழப்பியவர்கள் உண்டு.

அப்புறம், 'பிறவி மொழி மேதை' என்ற பேச்சு. இதை நான் ஏற்பதில்லை, ஏனென்றால் அவர் உழைப்பை இது மறைத்துவிடுகிறது. யேலில் பட்டம் வாங்கியவர் வெப்ஸ்டர் அகராதியின் திருத்தப் பதிப்பில் வேலை பார்த்தார். சட்டம் படித்து வழக்கறிஞர் ஆனார். 1863-ல் ரஷ்யக் கப்பல்படை நியூயார்க் துறைமுகத்துக்கு வந்தபோது 'அலெக்சாண்டர் நெவ்ஸ்கி' கப்பல் அதிகாரிகளோடு பழகி, அந்த மொழி மேல் ஆசை வந்து, படிக்கத் தொடங்கினார். நான்கே ஆண்டில் ஒரு நாவலை மொழிபெயர்த்து அச்சில் பார்த்தார். இடையில் 'தி நேஷன்' பத்திரிகைக்கும் எழுதிக்கொண்டிருந்தார். மாஸ்கோ போகும் வழியில் துர்கனேவைச் சந்தித்தார். 1868-ல் டால்ஸ்டாயின் யாஸ்னயா பல்யானா வீட்டில் தங்கி, அவருடைய நூலகத்தை அடுக்கிவைக்க உதவினார். டால்ஸ்டாய் 'போரும் அமைதியும்' எழுதிக்கொண்டிருந்த காலம் அது. பத்து வருடம் கழித்து டால்ஸ்டாயின் 'கொசாக்குகள்' கதையையும் ஸ்கைலர் ஆங்கிலத்தில் தந்தார்.

எல்லாவற்றிலும் பெரிய தவறு, அவரை 'ரஷ்யாவின் ஆள்' என்று ஒரே வரியில் முடிப்பது. ஒட்டோமான் அரசின் பக்கம் நின்றவர்கள் அன்றே இப்படிப் பேசினார்கள், இன்றும் அதே வரி சுற்றுகிறது. ரஷ்ய மொழி தெரியும், ரஷ்ய நண்பர்கள் உண்டு, மத்திய ஆசியாவில் ரஷ்ய ஆட்சியால் சில நன்மைகள் வந்தன என்றும் கருதினார். எல்லாம் உண்மை. ஆனால் 1873-ல் அவர் போன பயணத்தைப் பாருங்கள். அமெரிக்கப் பத்திரிகை நிருபர் மெக்கஹனோடு பீட்டர்ஸ்பர்க்கிலிருந்து புறப்பட்டார். வழியில் மெக்கஹன், ரஷ்யா படையெடுத்திருந்த கீவாவின் போர்முனையைத் தேடிப் பாலைவனத்துக்குள் பிரிந்துபோக, ஸ்கைலர் தாஷ்கண்ட், சமர்கண்ட், புகாரா, கோகண்ட் என்று போனார். புகாராவில் அடிமை வியாபாரம் நின்றுவிட்டது என்ற பேச்சு பொய் என்று காட்ட, ஒரு சிறுவனை விலை கொடுத்து வாங்கி, தன்னோடு பீட்டர்ஸ்பர்க்குக்கே கூட்டி வந்தார். சந்தேகம் இருப்பவர்கள் அந்தப் பையனையே பார்த்துக்கொள்ளலாம். திரும்பி வந்து 1876-ல் வெளியிட்ட இரண்டு தொகுதி நூலில், யோமுத் என்ற துருக்மேனியப் பழங்குடியினரை ஒழிக்க ரஷ்ய ஜெனரல் காஃப்மன் போட்ட உத்தரவையும் அங்கே நடந்த கொலைகளையும் எழுதினார். ரஷ்யத் தலைநகரில் தூதரகப் பதவியில் இருந்தவர் செய்த காரியம் இது. ரஷ்யாவின் ஆள் இப்படி எழுதுவாரா?

இதை மனதில் வைத்துக்கொண்டு 1876 கோடைக்கு வருவோம். பல்கேரிய எழுச்சியை ஒட்டோமான் ஒழுங்கற்ற படைகள் கொடூரமாக அடக்கிய செய்தி, கான்ஸ்டான்டினோபிளின் ராபர்ட் கல்லூரி ஆசிரியர்கள் வழியாக லண்டன் 'டெய்லி நியூஸ்' வரை போயிருந்தது. துருக்கியோடு நட்பாக இருந்த பிரிட்டன் பிரதமர் டிஸ்ரேலி அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அப்போதுதான் கான்சல் ஜெனரலாக வந்திறங்கியிருந்த ஸ்கைலர், ஜூலையில் மெக்கஹனோடு புறப்பட்டுப் போனார். இங்கே ஒரு தவறு வழக்கமாக நடக்கும். ஒருவருக்கே முழுப் புகழும் போய்விடும், பெரும்பாலும் மெக்கஹனுக்கு. செய்தியை வீடு வீடாகக் கொண்டுபோனது மெக்கஹனின் கடிதங்கள். அதை வதந்தி என்று தள்ள முடியாமல் செய்தது ஸ்கைலரின் அதிகாரப்பூர்வ அறிக்கை. இருவரையும் சேர்த்தே எழுத வேண்டும். கூடப் போன பல்கேரிய மொழிபெயர்ப்பாளரும் ராபர்ட் கல்லூரி ஆசிரியர்தான். அவர் இல்லாமல் கிராமத்து மக்களின் வாக்குமூலம் ஏது?

பாதாக் என்ற ஊரில் ஸ்கைலர் பார்த்ததை அவர் அறிக்கையிலேயே படிக்கலாம். எங்கே பார்த்தாலும் எலும்புகள். நீண்ட பின்னல் இன்னும் கலையாத பெண் பிள்ளைகளின் தலைகள். குழந்தைகளின் எலும்புகள். உடுத்திய துணியோடு கிடந்த எலும்புக்கூடுகள். அவர் இதை அடுக்கிக்கொண்டே போகிறார், அவ்வளவுதான். எழுதுகிறவர்கள் இதற்கு மேல் தங்கள் பங்குக்கு ரத்தம் ஊற்ற வேண்டியதில்லை. அந்தப் பின்னலைத் தாண்டி என்ன சொல்லிவிட முடியும்?

எண்ணிக்கையில்தான் மிக அதிகமாகச் சறுக்குகிறார்கள். தான் விசாரித்த மாவட்டங்களுக்குக் குறைந்தபட்சம் 15,000 பேர் என்று ஸ்கைலர் மதிப்பிட்டார். பிரிட்டிஷ் தூதரகம் அனுப்பிய வால்டர் பேரிங் சொன்னது 12,000. இதைவிட மிகப் பெரிய எண்களும் உலவுகின்றன, இரண்டையுமே மிகை என்று வாதிடும் பிற்கால ஆய்வாளர்களும் இருக்கிறார்கள். எந்த எண்ணைப் போட்டாலும், சொன்னவர் பெயரையும் பக்கத்தில் போடுங்கள். ஸ்கைலர் சொன்னது அவர் பார்த்த பகுதிக்கான மதிப்பீடு, பல்கேரியா முழுவதற்குமான கணக்கு இல்லை.

பல்கேரியாவின் அரசியல் சாசனத்தையே அவர்தான் எழுதினார் என்றும் சிலர் சொல்வார்கள். 1876 இறுதியில் வல்லரசுகள் கூடிய கான்ஸ்டான்டினோபிள் மாநாட்டுக்காக, பல்கேரியத் தன்னாட்சிக்கு ஒரு வரைவு தயாரிப்பதில் ரஷ்ய ராஜதந்திரி செரெத்தெலெவோடு சேர்ந்து உழைத்தார். அந்தத் திட்டம் நிறைவேறவில்லை. ரஷ்ய-துருக்கியப் போர் வந்தது. 1879-ல் பல்கேரியாவின் தர்னோவோவில் பிறந்த சாசனம் வேறு.

கடைசியாக ஒன்று. பல்கேரிய அறிக்கையோடு அவர் வாழ்க்கைக்கு முற்றுப்புள்ளி வைத்துவிடாதீர்கள். 1878-ல் அவரை பர்மிங்ஹாமுக்கு மாற்றினார்கள். பிறகு ரோம், புக்கரெஸ்ட், ஏதென்ஸ். ரஷ்யப் பேரரசர் மகா பீட்டரின் வரலாற்றை முதலில் பத்திரிகையில் தொடராக எழுதி, 1884-ல் இரண்டு தொகுதிகளாக வெளியிட்டார். அதே ஆண்டு அவருடைய தூதர் பதவியே ஒழிக்கப்பட்டது. ஊர் திரும்பி ஜான்ஸ் ஹாப்கின்ஸ், கார்னெல் பல்கலைக்கழகங்களில் அமெரிக்க வெளியுறவு வேலை எப்படி நடக்கிறது என்று உரை நிகழ்த்தினார், குறைகளையும் மறைக்காமல் சொன்னார். 1886-ல் அது நூலாக வந்தது. 1889-ல் வெளியுறவுத் துறையின் துணைச் செயலர் பதவிக்கு அவர் பெயர் போனபோது, அந்த நூலின் விமர்சனம் செனட்டில் எதிர்ப்பைக் கிளப்ப, பெயரைத் திரும்பப் பெற வேண்டியதாயிற்று. பதிலுக்குக் கிடைத்தது கெய்ரோவின் கான்சல் ஜெனரல் வேலை. அங்கே மலேரியா பிடித்தது. அதனால் கெய்ரோவில் இறந்தார் என்று எழுதிவிட வேண்டாம். 1890 ஜூலை 16 அன்று அவர் இறந்தது வெனிஸில். சான் மிக்கேலே தீவின் இடுகாட்டில் அடக்கம் செய்தார்கள்.