ஒரு பிரிட்டிஷ் ரெஜிமெண்ட்டின் வரலாற்றைப் பட்டாலியன் வாரியாகத் தேடுவது எப்படி? டார்செட்ஷயர் ரெஜிமெண்ட்டை வைத்து ஒரு செய்முறை

1915 ஏப்ரலில் டார்செட்ஷயர் ரெஜிமெண்ட் எங்கே இருந்தது? பெல்ஜியத்தில் ஈப்ர் நகருக்கு அருகில் பதுங்குகுழியில். இராக்கில் பஸ்ராவை ஒட்டிய ஷைபாவில், துருக்கியரோடு மோதிக்கொண்டு. இந்தியாவில், காவல் பணியில். இங்கிலாந்தில், பயிற்சியில். நான்குமே சரியான விடைகள்தான். இது புரியாமல் தேட ஆரம்பிப்பவர்கள்தான் ஈப்ரில் இறந்தவரை ஷைபாவில் தேடி வாரக்கணக்கில் அலைகிறார்கள்.

பிரிட்டிஷ் காலாட்படையில் ரெஜிமெண்ட் என்பது ஒரு பெயர், ஒரு சின்னம், ஆள் சேர்க்கும் ஒரு மாவட்டம், ஒரு தலைமையிடம். களத்தில் நின்று சண்டை போட்டது பட்டாலியன். ஒரே ரெஜிமெண்ட்டின் பட்டாலியன்கள் சேர்ந்து போரிடுவது அபூர்வம். நம்மவர்களுக்கு இதைப் புரியவைப்பது சுலபம். நீலகிரி வெலிங்டனில் மையம் வைத்திருக்கும் மெட்ராஸ் ரெஜிமெண்ட்டும் இதே முறையில்தான் இயங்குகிறது. அதன் பட்டாலியன்கள் ஆளுக்கொரு மூலையில் இருக்கும். ஆகவே எதைத் தேடினாலும் முதல் கேள்வி: எந்தப் பட்டாலியன்?

படி 1: 1881க்கு முந்தைய வேரைப் பிடியுங்கள்

1881இல் சில்டர்ஸ் சீர்திருத்தம் வந்தபோது, வெறும் எண்ணால் அழைக்கப்பட்ட பழைய படைகளை இரண்டிரண்டாகச் சேர்த்து மாவட்டப் பெயர் சூட்டினார்கள். 39ஆம் படையும் 54ஆம் படையும் சேர்ந்து டார்செட்ஷயர் ரெஜிமெண்ட் ஆயின. 39 முதல் பட்டாலியன், 54 இரண்டாம் பட்டாலியன். டார்செஸ்டர் நகரில் தலைமையிடம்.

பழைய மாவட்டப் பெயர்களை நம்பி ஏமாறாதீர்கள். 1782இல் 39ஆம் படைக்குக் கொடுத்த பெயர் கிழக்கு மிடில்செக்ஸ். டார்செட் பெயர் அதற்கு 1807இல்தான் வந்தது. 54ஆம் படையோ 1881 வரை மேற்கு நார்ஃபோக். எனவே 1860ஆம் ஆண்டு ஆவணத்தில் தேடும்போது ‘டார்செட்’ என்று போட்டால் பாதிதான் கிடைக்கும். எண்ணைப் போட்டுத் தேடுங்கள்.

தொப்பிச் சின்னத்தைக் கையில் வைத்துப் பார்த்தால் இந்த இரண்டு வேரும் தெரியும். கோட்டையும் சாவியும் 39ஆம் படையுடையவை. 1779 முதல் 1783 வரை நடந்த ஜிப்ரால்டர் முற்றுகைக்காகக் கிடைத்தவை. ஸ்பிங்க்ஸும் ‘மராபூட்’ என்ற சொல்லும் 54ஆம் படையுடையவை, 1801 எகிப்துப் போருக்காக. ‘ப்ரைமஸ் இன் இண்டிஸ்’ என்ற லத்தீன் வரி, இந்தியாவுக்கு முதலில் வந்த அரசப்படை 39தான் என்று சொல்கிறது. 1754இல் அவர்கள் வந்து இறங்கியது நம் சென்னையில். அங்கிருந்து ஒரு பகுதியினர் கிளைவோடு வங்காளம் போய் 1757இல் பிளாசியில் நின்றார்கள்.

இங்கே ஒரு வழக்கமான பிழை. 1760 வந்தவாசிப் போரில் வென்ற ஐர் கூட் பிளாசிக் காலத்தில் 39ஆம் படை அதிகாரி. அதனால் வந்தவாசியையும் 39இன் கணக்கில் எழுதிவிடுகிறார்கள். அப்போது அவர் 84ஆம் படையின் தலைவர். அதிகாரி படை மாறினால் அவர் வெற்றிகளும் கூடவே மாறும்.

படி 2: பட்டாலியன் எண்ணை வாசிக்கப் பழகுங்கள்

முதல் உலகப் போர்க்கால எண்களில் பொருள் இருக்கிறது. 1, 2 என்றால் முழுநேரப் படை. 3 சிறப்பு ரிசர்வ். அது இங்கிலாந்திலேயே இருந்து மற்ற பட்டாலியன்களுக்கு ஆள் அனுப்பியது. 4 டெரிட்டோரியல், அதாவது வார இறுதியில் பயிற்சி எடுத்த பகுதிநேரப் படை. 5 முதல் வருபவற்றின் பெயரில் ‘சர்வீஸ்’ என்று இருந்தால், அவை 1914இல் போர் அமைச்சர் கிச்சனரின் அழைப்புக்குச் சேர்ந்தவர்களைக் கொண்டு புதிதாக எழுப்பியவை.

1/4, 2/4 என்று வந்தால் பின்னம் என்று நினைக்க வேண்டாம். போர் வந்ததும் 4ஆம் பட்டாலியன் தன்னைப்போல இன்னொன்றை உருவாக்கியது. முதலாவது 1/4, இரண்டாவது 2/4. இரண்டும் தனித்தனிப் பட்டாலியன்கள். தேடுபொறியில் ‘4ஆம் டார்செட்’ என்று மட்டும் போட்டால் இரண்டின் கதையும் கலந்து வரும்.

‘குவீன்ஸ் ஓன் டார்செட் யோமன்ரி’ என்று கண்டால் நகர்ந்துவிடுங்கள். அது குதிரைப்படை, இந்த ரெஜிமெண்ட்டில் சேராது.

அளவையும் மனதில் வையுங்கள். 1914இல் ஒரு பட்டாலியன் சுமார் 1,000 பேர்: 30 அதிகாரிகள், மற்றவர்கள் படைவீரர்கள். நான்கு கம்பெனி, கம்பெனிக்கு நான்கு பிளாட்டூன், மொத்தம் இரண்டு இயந்திரத் துப்பாக்கி. தலைவர் லெப்டினன்ட் கர்னல். நான்கு பட்டாலியன் ஒரு பிரிகேட். 1918 தொடக்கத்தில் பிரான்சில் இருந்த பிரிட்டிஷ் பிரிகேடுகளில் அது மூன்றாகக் குறைந்தது. மூன்று பிரிகேட் ஒரு டிவிஷன்.

படி 3: பட்டாலியன், பிரிகேட், டிவிஷன், களம் என்று ஒரு தாள் போடுங்கள்

இந்தத் தாள் இல்லாமல் ஆவணக் காப்பகத்தில் கால் வைக்க வேண்டாம். ஏனென்றால் அங்கே எதுவும் ரெஜிமெண்ட் பெயர் வாரியாக அடுக்கப்படவில்லை. டார்செட்டுக்கு அது இப்படி வரும்:

1ஆம் பட்டாலியன்: போர் தொடங்கியபோது பெல்ஃபாஸ்ட். 15ஆம் பிரிகேட், 5ஆம் டிவிஷன். 1914 ஆகஸ்டில் பிரான்ஸ். பிறகு 32ஆம் டிவிஷனுக்கு மாற்றம்.

2ஆம் பட்டாலியன்: பூனா. 16ஆம் பிரிகேட், 6ஆம் (பூனா) டிவிஷன். 1914 நவம்பரில் பாரசீக வளைகுடா முனையில் ஃபாவ். 1916 ஏப்ரல் 29 அன்று மெசபடோமியாவில் (இன்றைய இராக்) உள்ள கூட் நகரில் ஜெனரல் டவுன்ஷெண்டின் படையோடு துருக்கியரிடம் சரண். அதே ஆண்டு மீண்டும் உருவாக்கப்பட்டது.

1/4: 1914 இறுதியில் இந்தியா, 1916இல் மெசபடோமியா. 2/4: இந்தியா, பிறகு எகிப்து.

5ஆம் (சர்வீஸ்): 34ஆம் பிரிகேட், 11ஆம் டிவிஷன். 1915 ஆகஸ்டில் துருக்கியில் கலிபோலியின் சுவ்லா விரிகுடா, 1916இல் பிரான்ஸ்.

6ஆம் (சர்வீஸ்): 50ஆம் பிரிகேட், 17ஆம் டிவிஷன். 1915 ஜூலை முதல் பிரான்ஸ், பெல்ஜியம்.

இங்கே ஒரு குழி இருக்கிறது. 6ஆம் டிவிஷன் வேறு, 6ஆம் (பூனா) டிவிஷன் வேறு. முன்னது பிரிட்டிஷ் படை, பிரான்சில் இருந்தது. பின்னது இந்தியப் படை. அடைப்புக்குறியை விட்டுவிட்டால் கண்டம் மாறிப் போவீர்கள்.

படி 4: உங்கள் ஆள் எந்தப் பட்டாலியன் என்று கண்டுபிடியுங்கள்

கல்லறையோ நினைவுத்தூணோ இருந்தால் பாதி வேலை முடிந்தது. காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையதளத்தில் பெயரைப் போட்டால் பெரும்பாலும் பட்டாலியன் எண்ணே கிடைக்கும். எண் விடுபட்டிருந்தால் நாளையும் இடத்தையும் உங்கள் தாளோடு பொருத்துங்கள். 1915 மே 1 என்றால் ஈப்ருக்குத் தெற்கே ஹில் 60. ஜெர்மானியர் அன்று விட்ட குளோரின் புகையில் சிக்கியது 1ஆம் பட்டாலியன். 1915 ஆகஸ்டு, கலிபோலியில் உள்ள ஹெல்லஸ் நினைவுத்தூண் என்றால் 5ஆம் பட்டாலியன். 1916 மே முதல் 1918 வரை துருக்கிக் காவலில் இறந்தவர் என்றால் அநேகமாகக் கூட்டில் பிடிபட்ட 2ஆம் பட்டாலியன்காரர்.

உயிரோடு திரும்பியவர்களைத் தேடுவதுதான் கடினம். லண்டன் கியூவில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் படைவீரர்களின் பணிப் பதிவேடுகள் டபிள்யூ.ஓ. 363 (டபிள்யூ.ஓ. என்றால் வார் ஆபீஸ், போர் அலுவலகம்) என்ற தொகுப்பில் இருக்கின்றன. 1940 செப்டம்பரில் ஜெர்மன் குண்டுவீச்சில் கிடங்கு தீப்பற்றி, பாதிக்கு மேல் சாம்பலானது. தப்பியவற்றிலும் ஓரம் கருகியவை, நீர் பட்டவை நிறைய. ஓய்வூதியம் பெற்றவர்களுக்கு டபிள்யூ.ஓ. 364, அதிகாரிகளுக்கு டபிள்யூ.ஓ. 339, 374. இவற்றில் பெயர் இல்லை என்பதால் அவர் படையில் இல்லை என்று ஆகாது.

அப்போது பதக்க அட்டைக்குப் போங்கள்: டபிள்யூ.ஓ. 372. வெளிநாடு போன அநேகமாக எல்லோருக்கும் ஒன்று உண்டு. 1915 முடிவதற்குள் போனவர் என்றால் முதலில் இறங்கிய களத்தின் குறியீடும் நாளும் இருக்கும். 1 என்றால் பிரான்ஸ், 2பி கலிபோலி, 5பி மெசபடோமியா. 1914 ஸ்டார் பதக்கம் பிரான்ஸ், பெல்ஜியம் களத்துக்கு மட்டும், அதுவும் நவம்பர் 22 வரை போனவர்களுக்கு மட்டும். அதே நவம்பரில் ஃபாவில் இறங்கிய 2ஆம் பட்டாலியனுக்கு 1914-15 ஸ்டார்தான். 1916 முதல் போனவர்களின் அட்டையில் பொதுவாக நாள் இருக்காது. ஸ்டார் கிடையாது, அதனால் நாளை எழுதும் தேவையும் இருக்கவில்லை. அட்டை குறிப்பிடும் பதக்கப் பதிவேட்டை டபிள்யூ.ஓ. 329இல் எடுத்துப் பாருங்கள், பட்டாலியன் அங்கே கிடைக்க வாய்ப்பு அதிகம்.

படை எண்ணை மட்டும் வைத்து ஆளை முடிவு செய்யாதீர்கள். 1920 வரை எண் ரெஜிமெண்ட் அளவில், டெரிட்டோரியலுக்குப் பட்டாலியன் அளவில் கொடுக்கப்பட்டது. ஒரே எண்ணில் இரண்டு டார்செட்காரர்கள் இருப்பது சகஜம். 200001இலிருந்து தொடங்கும் ஆறு இலக்க எண் என்றால், 1917இல் டெரிட்டோரியலுக்குப் புது எண் கொடுத்தபோது அவர் 4ஆம் பட்டாலியன் வழியில் இருந்தார் என்று கொள்ளலாம்.

படி 5: போர் நாட்குறிப்பைப் படியுங்கள்

பட்டாலியனின் உண்மையான வரலாறு இதில்தான் இருக்கிறது. தொகுப்பு எண் டபிள்யூ.ஓ. 95. அடுக்கு முறை: களம், டிவிஷன், பிரிகேட், பட்டாலியன். படி 3இன் தாள் இங்கேதான் கைகொடுக்கும். 1ஆம் பட்டாலியன் டிவிஷன் மாறியதால் அதன் நாட்குறிப்பு இரண்டு இடத்தில் இருக்கும். 1915ஓடு நின்றுவிட்டால் தொலைந்துபோனது என்று நினைக்காமல் 32ஆம் டிவிஷனில் பாருங்கள்.

ஒவ்வொரு பக்கமும் சி.2118 என்ற படிவம். இடம், நாள், நேரம், நிகழ்வுச் சுருக்கம், குறிப்பு என்று ஐந்து பத்தி. பென்சிலில் கிறுக்கியிருக்கும். அதிகாரி அடிபட்டால் பெயர் வரும். படைவீரர் அடிபட்டால் ‘ஓ.ஆர். 14’ (ஓ.ஆர். என்றால் அதர் ரேங்க்ஸ், அதிகாரி அல்லாதவர்கள்) என்று எண்ணிக்கைதான் வரும். உங்கள் ஆளின் பெயரை எதிர்பார்த்துத் திறந்தால் ஏமாற்றம்தான். அன்று அந்தப் பட்டாலியன் என்ன செய்தது என்பதற்காகத் திறவுங்கள்.

இடக்குறிப்பு 28.ஐ.29.சி.5.2 போல இருக்கும். 28 வரைபடத் தாள். ஐ அதிலுள்ள பெரிய கட்டம். 29 அதற்குள் 1,000 கஜம் பக்கமுள்ள சிறு கட்டம்; பெரிய கட்டத்துக்கு இப்படி 30 அல்லது 36 இருக்கும். சி அந்தச் சிறு கட்டத்தின் நான்கு கால்பகுதிகளில் கீழ் இடப்பக்கம். கடைசி இரண்டு எண்களும் கால்பகுதியின் தென்மேற்கு மூலையிலிருந்து எண்ணுவது: கிழக்கே பத்தில் 5, வடக்கே பத்தில் 2. ஒரு எண்ணுக்கு 50 கஜம். முதலில் கிழக்கு, பிறகு வடக்கு. மாற்றிப் போட்டால் எதிரியின் குழியில் போய் நிற்பீர்கள். ஹில் 60 இந்த ஐ.29.சி கட்டத்தில்தான் இருக்கிறது.

பெரிய சண்டைக்குப் பிந்தைய பக்கங்களைக் கவனமாகப் படியுங்கள். 1914 அக்டோபர் 13 அன்று கிவான்ஷி அருகே பாண்ட் ஃபிக்ஸில் 1ஆம் பட்டாலியன் கடுமையாக இழந்தது. அப்படிப்பட்ட நாளை எழுதியவர் பெரும்பாலும் உயிர் தப்பிய வேறொரு அதிகாரி, சில நாள் கழித்து. நேரமும் வரிசையும் பிசகியிருக்கும். மேலே உள்ள பிரிகேட் நாட்குறிப்போடு வைத்துச் சரிபாருங்கள்.

படி 6: இரண்டாம் உலகப் போர்

முறை அதேதான், தொகுப்பு எண்கள் வேறு. 1939-40 பிரான்ஸ் டபிள்யூ.ஓ. 167, வடமேற்கு ஐரோப்பா 171, தென்கிழக்கு ஆசியா 172. ஆண்டு வாரியாகப் பிரிந்திருக்கும்.

1ஆம் பட்டாலியன் மால்டாவிலிருந்து 231ஆம் பிரிகேடில் கிளம்பி 1943இல் சிசிலி, இத்தாலி, 1944 ஜூன் 6 அன்று நார்மண்டியின் கோல்ட் கடற்கரை என்று மூன்று முறை கடலிலிருந்து இறங்கியது. 4ஆம் பட்டாலியன் 43ஆம் டிவிஷனில் இருந்து, 1944 செப்டம்பர் 24 இரவில் ஆர்னெம் அருகே ரைன் நதியைக் கடந்தது. கடந்தவர்களில் பெரும்பாலோர் திரும்பவில்லை.

2ஆம் பட்டாலியன் நமக்குப் பக்கத்தில், கொகிமாவில். 1944 மே மாதம் துணை ஆணையர் பங்களாவின் டென்னிஸ் மைதானத்துக்கு இருபுறமும் ஜப்பானியரும் டார்செட்காரர்களும். மே 13 அன்று ஒரு டாங்கியை மேட்டில் ஏற்றி, மிக அருகிலிருந்து பதுங்கறைகளைச் சுட்ட பிறகே இடம் கைக்கு வந்தது. அந்த மைதானத்தின் கோடுகள் இன்றும் கொகிமா போர்க் கல்லறைத் தோட்டத்தில் குறிக்கப்பட்டிருக்கின்றன. இந்தப் பட்டாலியனைத் தேடுகிறவர்கள் 5ஆம் பிரிகேட், பிரிட்டிஷ் 2ஆம் டிவிஷன் என்று போடுங்கள்.

படி 7: 1945க்குப் பின் பெயர் மாற்றங்கள்

1951இல் பெயர் ‘டார்செட் ரெஜிமெண்ட்’ ஆகச் சுருங்கியது. 1958இல் டெவன்ஷயர் ரெஜிமெண்ட்டோடு இணைந்து ‘டெவன்ஷயர் அண்ட் டார்செட்’, 2007இல் அதுவும் ‘தி ரைஃபிள்ஸ்’ என்ற பெரிய ரெஜிமெண்ட்டில் கரைந்தது. புகைப்படம், சீருடை, பட்டாலியன் ஆல்பம் போன்றவை வேண்டுமென்றால் கியூவை விட டார்செஸ்டரில் பழைய தலைமையிடத்தின் வாயில் கட்டடத்தில் உள்ள கீப் ராணுவ அருங்காட்சியகம்தான் இடம். எழுதும்போது பெயர், எண், பட்டாலியன், ஆண்டு நான்கையும் கொடுங்கள். ‘டார்செட்டில் இருந்தார்’ என்று மட்டும் எழுதினால் எந்தப் பட்டாலியன் என்று கேட்டுத்தான் பதில் வரும்.